இரண்டு வரை எண்ணத் தெரிந்த கழுகுகள்

“மிருகங்க எல்லாம் எண்ணக் கத்துக்கிடுச்சும்மா” என்றார் தில்லைநம்பி.

அமலோற்பவம் வாத்துகளுக்குத் தவிடு பிசைந்துகொண்டிருந்தாள். கையை எடுக்கவில்லை.

“எது வரைக்கும்?”

“ரெண்டு வரைக்கும்.”

“பரவாயில்லையே. மனுசங்கள்ல சில பேருக்கு ஒண்ணுக்கு மேல வர மாட்டேங்குது.”

தில்லைநம்பி சிரிக்கவில்லை. சிரிக்கிற நிலையில் அவர் வரவில்லை.

காட்டு உயிர்களைப் படம் எடுக்கிறவர் அவர். கேமராவும் அவரே, டைரக்‌ஷனும் அவரே. ஒரு காலத்தில் அவர் வருகிறார் என்றால் காடே எழுந்து முகம் கழுவிக்கொள்ளும் என்பார்கள். வெளிச்சம் சரியில்லை என்று அவர் உதட்டைப் பிதுக்கியதைப் பார்த்துவிட்டு, புலி ஒன்று திரும்பிப் போய் இன்னொரு தடவை தண்ணீர் குடித்துக் காட்டியதாம். மயில் ஒன்று, எந்தப் பக்கம் பார்த்து ஆடட்டும் என்று விசாரித்ததாம். கேட்டவர்கள் நம்பினார்கள். படத்தைப் பார்த்தவர்கள் சத்தியமே செய்தார்கள்.

இப்போது அவர் கேமராவைத் திறந்தால் எதிரே ஓணான்கூட வருவதில்லை.

இந்தக் கோடை முடிவதற்குள் பாறுக் கழுகுகளை அவர் படம் பிடித்துக் கொடுக்க வேண்டும். செத்ததை மட்டும் தின்கிற, கழுத்தில் மயிர் இல்லாத, பெரிய கழுகுகள். கொடுக்காவிட்டால் கம்பெனிக்காரர்கள் வேறு ஆளைப் பார்த்துக்கொள்வார்கள். ஐம்பத்தெட்டு வயதில் காட்டை விட்டால் அவருக்குப் போக்கிடம் கிடையாது. வீடு, மனைவி, ராத்திரித் தூக்கம் எல்லாவற்றையும் அந்தத் தொழிலுக்குள்தான் போட்டிருந்தார். எதுவும் திரும்பி வரவில்லை.

அதனால்தான் தன்னைவிட ஆறேழு வயது இளையவளைத் தேடி ஆற்றங்கரைக்கு வந்து, அம்மா என்று கூப்பிட்டுக்கொண்டு நின்றார்.

அமலோற்பவமும் அதே தொழிலில் இருந்தவள்தான். அவள் எடுத்த முதலைப் படத்தைப் பார்த்துவிட்டுக் கொட்டகையில் ஜனங்கள் காலைத் தூக்கி நாற்காலிமேல் வைத்துக்கொண்டார்கள். ஒருநாள் படத்தின் நடுவிலேயே கேமராவைக் கரையில் வைத்துவிட்டு எழுந்து போனாள். வாத்து மேய்க்க ஆரம்பித்தாள். அந்தக் கேமராவுக்குள் இப்போது மீன்கொத்தி ஒன்று குடித்தனம் நடத்துவதாக ஊரில் பேச்சு.

கண் கெட்டுப்போன கேமராக்காரர்கள் அவளைத் தேடி வருவார்கள். சிலர் கண் சரியாகிப் போனார்கள். சிலர் கேமராவை விற்றுவிட்டுப் போனார்கள். இரண்டும் ஒன்றுதான் என்பாள்.

“விவரமாச் சொல்லுங்க, டைரக்டரே” என்றாள் அமலோற்பவம்.

தில்லைநம்பி சொன்னார்.

தொழில் தெரியாதவர்களுக்கு இதைக் கொஞ்சம் விளக்க வேண்டும். கழுகைப் படம் எடுக்க, பச்சைத் துணியில் சின்னக் கூடாரம் போட்டு அதற்குள் ஒளிந்துகொள்வார்கள். ஆள் உள்ளே போவதைக் கழுகு பார்த்துவிட்டால் இறங்காது. எத்தனை நாளானாலும் இறங்காது. ஆகவே இரண்டு பேராகப் போவார்கள். இரண்டு பேரும் உள்ளே நுழைவார்கள். கொஞ்ச நேரம் கழித்து ஒருவன் மட்டும் வெளியே வந்து, கையை வீசிக்கொண்டு, எல்லாக் கழுகுக்கும் தெரிகிற மாதிரி நடந்து போய்விடுவான். கழுகுக்குக் கணக்குத் தெரியாது. ஆள் போயாச்சு, கூடாரம் காலி என்று நினைத்துக்கொள்ளும்.

சாயங்காலம் போனவன் திரும்பி வந்து கூப்பிடுவான். அதற்கப்புறம்தான் உள்ளே இருப்பவன் வெளியே வரலாம். நடுவில் வரக் கூடாது. காலி என்று நினைத்த கூடாரத்திலிருந்து ஓர் ஆள் முளைத்தால், கழுகுகள் அந்த இடத்தையே தலைமுழுகிவிடும்.

“இப்ப ரெண்டு பேர் உள்ளே போறோம். ஒருத்தன் வெளியே போறான். கழுகு அப்படியே மரத்துல உக்காந்து கூடாரத்தைப் பாக்குது. ஒண்ணு பாக்கி இருக்குன்னு அதுக்குத் தெரியுதும்மா” என்றார் தில்லைநம்பி.

“கழுகு மட்டும்தானா?”

“கொக்கு, ஆந்தை, நரி. எல்லாம் பாடம் எடுத்துக்கிட்ட மாதிரி.”

“எப்ப இருந்து?”

“பரிசு வாங்கினதுல இருந்து.”

அந்தப் பரிசுப் படத்தை அவளும் பார்த்திருந்தாள். பார்க்காதவர்கள் யார். சாயங்கால வெயிலில் பாறைமேடு சிவந்து கிடக்கிறது. அதன்மேல் வானத்தில் நாற்பது ஐம்பது பாறுகள் சுற்றுகின்றன. சுற்றிச் சுற்றி, திருகு படியில் இறங்குகிற பெரிய மனிதர்களைப் போல, ஒன்றன்பின் ஒன்றாக மேட்டுக்கு அந்தப் பக்கம் இறங்கி மறைகின்றன. கடைசிக் கழுகு மறையும் வரைக்கும் கேமரா அசையவில்லை. பின்னால் வீணை.

“அழகான காட்சி” என்றாள்.

“அதை மாதிரி இன்னும் யாரும் எடுக்கலை” என்றார் தில்லைநம்பி. அவர் முதுகு கொஞ்சம் நிமிர்ந்தது.

“அன்னைக்கு வெளியே போனது யாரு?”

“மாகாளி. உச்சிமாகாளின்னு பேரு. வேலைக்குச் சேர்ந்ததுல இருந்து என்கூடத்தான் இருந்தான்.”

“இப்ப எங்கே?”

“இல்லை. யானை.”

“ம்.”

வாத்துகள் தவிட்டுச் சட்டியைச் சுற்றிச் சத்தம் போட்டன. அவள் ஒன்றை நகர்த்திவிட்டு இன்னொன்றுக்கு இடம் கொடுத்தாள்.

“கழுகு மேட்டுக்கு அந்தப் பக்கம் இறங்குச்சே. எது மேல?”

“அது கேமராவுக்குத் தெரியலை.”

“சரி. எதுக்கு வீணை போட்டீங்க? காத்துச் சத்தம், றெக்கைச் சத்தம், அதெல்லாம் இருக்குமே.”

“சத்தம் சுத்தமா இல்லை. பகல்ல இருந்தே மாகாளி மேட்டுக்கு அந்தப் பக்கம் உக்காந்து பாடிக்கிட்டு இருந்தான். கழுகு கலைஞ்சுடுமேன்னு எனக்கு உள்ளே பத்திக்கிட்டு வந்துச்சு. மொத்தச் சத்தத்தையும் எடுத்துட்டு வாத்தியம் வச்சோம்.”

“என்ன பாட்டு?”

“வார்த்தை புரியலை. கூடாரத்துக்கும் மேட்டுக்கும் ரொம்பத் தூரம்.”

“எவ்வளவு தூரம்?”

தூரத்தைக் கண்ணாலேயே அளக்கிறவர் என்று பேர் வாங்கியவர் தில்லைநம்பி. எதிரே நிற்கிற மானின் மூக்குக்கும் காதுக்கும் இடையே எத்தனை விரல்கடை என்று நாடா இல்லாமல் சொல்வார். அதை வைத்துத்தான் லென்ஸைத் திருப்புவார். ஒருநாளும் தப்பியதில்லை.

“தூரம்” என்றார். “கூப்பிட்டாக் கேக்காது.”

“பாட்டு மட்டும் கேக்குமாக்கும்” என்றாள் அமலோற்பவம்.

அவர் வாத்துகளைப் பார்த்தார். பேச்சை மாற்ற வேண்டும் போலிருந்தது.

“எத்தனை வாத்து இருக்கு?”

“எண்ணினது இல்லை. ஒண்ணு குறைஞ்சாத் தெரியும்.”

கையைக் கழுவிக்கொண்டு எழுந்தாள்.

“பரிசு வாங்கின இடத்துக்கே போவோம். ஏதாவது செத்ததைக் கொண்டுவந்து போடச் சொல்லுங்க. அதே இடத்துல கூடாரம் போடுங்க. ஒரே ஒரு மாத்தம். நான் உள்ளே இருக்கேன். நீங்க வெளியே போங்க.”

“நானா?”

“பழக்கம் இல்லையோ?”

பழக்கம் இல்லைதான். இத்தனை படம் எடுத்தவர் ஒரு தடவைகூட வெளியே நடந்து போனதில்லை.

“நீங்க கேமராவைத் தொட்டே காலமாச்சேம்மா.”

“உங்களுக்குக் கழுகு இறங்கினாப் போதும்தானே.”

பாறைமேட்டுக்குக் கீழே செத்த எருமை ஒன்றைப் போட்டுவிட்டு ஆட்கள் போய்விட்டார்கள். கூடாரத்தின் ஓரங்களில் வைப்பதற்குக் கல் தேடினார் தில்லைநம்பி. தேட வேண்டியிருக்கவில்லை. அன்று மாகாளி பொறுக்கி வைத்த கற்கள் வைத்த இடத்திலேயே சதுரமாகக் கிடந்தன.

தூரத்து மொட்டை மரத்தில் பாறுகள் தோளைக் குறுக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தன. துக்க வீட்டில் சாப்பாட்டுக்குக் காத்திருக்கிற உறவுக்காரர்களைப் போல.

இரண்டு பேரும் உள்ளே நுழைந்தார்கள். கேமரா, முக்காலி, தண்ணீர்க் கேன், சோற்றுப் பொட்டலம், எல்லாம் சேர்ந்து கால் நீட்ட இடமில்லை.

“எப்படிப் போகணும்?” என்றார் தில்லைநம்பி.

“மாகாளி எப்படிப் போவாரு?”

“துண்டைச் சுழட்டிக்கிட்டு. கல்லை எத்திக்கிட்டு. சத்தமா இருமிக்கிட்டு. கோமாளி மாதிரி.”

“அப்படியே போங்க. திரும்பிப் பாக்காதீங்க. மேட்டுக்கு அந்தப் பக்கம் போய் உக்காருங்க. சாயங்காலம் வந்து கூப்பிடுங்க.”

“அது வரைக்கும்?”

“அது வரைக்கும் நீங்க இல்லை.”

அவர் வெளியே வந்தார். துண்டைச் சுழற்றினார். கூச்சமாக இருந்தது. இருமினார். கல்லை எத்தினார், விரல் வலித்தது. எத்தனை கண்கள் தன் முதுகைப் பார்க்கின்றன என்று தோன்றியதும் நடை கோணியது. வாழ்நாள் முழுக்கப் பார்த்துக்கொண்டே இருந்தவருக்கு, பார்க்கப்படுவது உடம்பெல்லாம் அரித்தது.

மேடு ஏறி அந்தப் பக்கம் இறங்கினார்.

கூடாரம் மறைந்துவிட்டது. முன்னால் ஒன்றும் இல்லை. வெடித்த மண், கருகின புல், நிழல் என்று சொல்ல முடியாத நிழலோடு ஓர் உடைமரம். அதனடியில் ஒரு தட்டைக் கல்.

கல்லின்மேல் உட்கார்ந்தார்.

பகல் முழுக்க இங்கே மாகாளி என்ன செய்வான்? அவர் கேட்டதே இல்லை. கல்லின் ஓரத்தில் யாரோ கூரான எதையோ கொண்டு ஆடுபுலி ஆட்டத்துக்குக் கட்டம் கீறி வைத்திருந்தார்கள். ஆட இரண்டு பேர் வேண்டும். கட்டம் தேய்ந்திருந்தது.

இந்த இடத்தை அவர் ஒரே ஒரு தடவைதான் பார்த்திருக்கிறார். பரிசுப் படம் எடுத்த அன்று சாயங்காலம் மாகாளி வந்து கூப்பிடவில்லை. இருட்டியும் வரவில்லை. கூப்பிடாமல் வெளியே வரக் கூடாது என்று அவர் கூடாரத்துக்குள்ளேயே கிடந்தார். காலையில், வரட்டும் பயல், என்று பல்லைக் கடித்துக்கொண்டு மேடு ஏறினார்.

ஒரு துண்டு கிடந்தது. ஒரு ஜோடிச் செருப்பு. மற்றது மாகாளிதான் என்று சொல்ல, செருப்பைத்தான் பார்க்க வேண்டியிருந்தது.

எதனால் செத்தான் என்று கண்டுபிடிக்கப் பாறுகள் ஒன்றையும் மிச்சம் வைக்கவில்லை. யானையாக இருக்கும் என்று யாரோ சொன்னார்கள். யாரோ இல்லை. அவர்தான் சொன்னார். அந்தப் பக்கம் யானைத் தடமே கிடையாது.

வெயில் ஏறியது.

நாக்கு அண்ணத்தில் ஒட்டியது. தண்ணீரைத் தேடிக் கை பக்கவாட்டில் போய் மண்ணைத் தொட்டது. அப்போதுதான் தெரிந்தது. கேன் கூடாரத்துக்குள்ளே இருக்கிறது. உள்ளே உட்காருகிறவருக்குத்தான் தண்ணீர். வெளியே போகிறவன் காலி ஆளாகத் தெரிய வேண்டும், கையில் எதுவும் இருக்கக் கூடாது. அதை ஏற்பாடு செய்து வைத்தவரும் அவர்தான்.

போய் எடுத்து வரலாம். மேடு ஏறி இறங்கினால் கூடாரம்.

ஆனால் எழுந்திருக்கவில்லை. இப்போது போனால் கழுகு கலையும். எருமை வீண். கோடை வீண். படம் வீண். ஒரு தடவை மாகாளி தலை சுற்றுகிறது என்று பாதியில் திரும்பி வந்தான். கொக்கெல்லாம் பறந்துவிட்டது. அவனோடு ரொம்ப நாள் அவர் முகம் கொடுத்துப் பேசவில்லை. அதற்கப்புறம் அவன் பாதியில் வந்ததே இல்லை.

இன்னும் கொஞ்சம் பொறுக்கலாம் என்று நினைத்தார். பொறுத்தார்.

சூரியன் தலைக்குமேல் வந்து நின்றுகொண்டது. இறங்குகிற உத்தேசமே இல்லாதது மாதிரி நின்றது. உடைமரத்தின் நிழல் அவரை விட்டு நகர்ந்தது. அதைப் பிடிக்க எழுந்தார். கால்கள் எழுந்திருக்கவில்லை. கல்லிலிருந்து சரிந்து மல்லாந்து விழுந்தார். எழுந்துகொள்ளலாம் என்று நினைத்தபடியே கிடந்தார்.

வானத்தில் ஒரு புள்ளி.

பிறகு இரண்டு. பிறகு எண்ண முடியவில்லை.

பாறுகள் சுற்ற ஆரம்பித்தன. மொட்டை மரத்தை விட்டுவிட்டு, எருமையை விட்டுவிட்டு, நேராக அவருக்கு மேலே. அகலமாக ஒரு சுற்று. கொஞ்சம் கீழே, குறுகலாக இன்னொரு சுற்று. திருகு படியில் இறங்குகிற பெரிய மனிதர்கள்.

அவருடைய காட்சிதான். கீழிருந்து பார்த்ததில்லை.

கூடாரத்திலிருந்து பார்த்தால் இப்போது எப்படித் தெரியும் என்று அவருக்குத் தெரியும். மேட்டுக்குமேல் சரியாக நடுவில் விழும். வெளிச்சம்தான் உச்சியில் இருக்கிறது, சாயங்காலமாக இருந்தால் இன்னும் நன்றாயிருக்கும். அமலோற்பவம் லென்ஸில் கண்ணை வைத்திருப்பாள். இந்த நேரத்தில் எவள் வெளியே வருவாள்? அவள் இடத்தில் தான் இருந்தால் என்ன செய்வார்? கேமராவைக் கொஞ்சம் மேலே தூக்குவார். மூச்சை அடக்கிக்கொள்வார்.

ஒரு பாறு இறங்கி, எட்டத்தில் இருந்த கல்மேல் உட்கார்ந்தது. மொட்டைத் தலையைச் சாய்த்து அவரைப் பார்த்தது. அவசரமே படவில்லை.

“அம்மா” என்று கூப்பிட்டார்.

சத்தம் வரவில்லை. எச்சிலைக் கூட்டி, மறுபடி கூப்பிட்டார். பேர் வரவில்லை. வார்த்தை எதுவுமே வரவில்லை. ஆ என்றும் இல்லாமல் ஏ என்றும் இல்லாமல், ஏறி இறங்கி, இழுத்து இழுத்து ஏதோ ஒன்று தொண்டையிலிருந்து வந்தது. நிறுத்த முடியவில்லை. அதை அவர் காதே கேட்டது.

தூரத்திலிருந்து யாரோ பாடுகிற மாதிரி இருந்தது.

அவர் வாய் தானாக மூடிக்கொண்டது.

அன்றும் அந்தப் பாட்டு இப்படித்தான் நின்றது. அப்பாடா என்று நினைத்தது ஞாபகம் வந்தது.

திடீரென்று வானம் உடைந்தது. சுற்றிக்கொண்டிருந்த பாறுகள் எல்லாம் ஒரே அடியாகச் சிதறின. கல்மேல் இருந்தது அலறி அடித்துக்கொண்டு எழும்பியது. ஒன்றோடொன்று முட்டிக்கொண்டு, மேலே மேலே போய், ஆற்றைத் தாண்டி, மலையைத் தாண்டிப் போய்விட்டன.

அந்தச் சிதறலுக்கு என்ன அர்த்தம் என்று தில்லைநம்பிக்குத் தெரியும். காலிக் கூடாரத்திலிருந்து ஓர் ஆள் முளைத்துவிட்டது.

மேட்டின்மேல் அமலோற்பவம் தெரிந்தாள். சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு, ஒரு கையில் தண்ணீர்க் கேனோடு, சறுக்கிச் சறுக்கி ஓடி வந்தாள். வந்து அவர் தலையை மடியில் எடுத்து வைத்துக்கொண்டு, துண்டை நனைத்து வாயில் பிழிந்தாள்.

கொஞ்சம் உள்ளே போனதும் அவருக்குப் பேச்சு வந்தது.

“சுத்தினதையாவது எடுத்தீங்களா?”

“இல்லை.”

“கேமரா ஓடலையா?”

“திறந்துதான் வச்சிருந்தேன். ஓட விடலை.”

“போச்சு” என்றார். இன்னொரு வாய் குடித்தார். “எல்லாம் போச்சு. அம்பது கழுகு. இனிமே இந்தப் பாறைக்கு ஒண்ணுகூட வராது. தெரியுமா உங்களுக்கு?”

“தெரியும்.”

“என் படம் போச்சு. என் பொழப்பே போச்சு.”

“ஆமா. மெதுவாக் குடிங்க.”

அவர் அவள் கையைத் தட்டிவிட்டார். எழுந்து உட்காரப் பார்த்தார். கண்ணில் தண்ணீர் வழிந்தது. அது கேன் தண்ணீரா வேறு தண்ணீரா என்று சொல்ல முடியவில்லை.

“இத்தனை வருசத்துல நான் ஒருநாளாவது வெளியே வந்திருக்கேனா? இருட்டினப்புறமும் வரலையே. விடியுற வரைக்கும் உள்ளேயே கிடந்தேனே. உள்ளே இருக்கிற ஆளு எதுக்காக வெளியே வரணும்? சொல்லுங்க. எதுக்காக வந்தீங்க?”

“கூப்பிட்டீங்களே” என்றாள் அமலோற்பவம்.